என் கையெழுத்து இல்லை என்று சொன்ன நாள்

கண்ணு,

உன் கடிதம் வந்து இன்றைக்குப் பன்னிரண்டு நாள் ஆகிறது. கல்யாணப் பத்திரிகையை அச்சுக்குக் கொடுக்கப் போவதாகவும், அதற்கு முன்னால் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓசூரிலிருந்து பஸ் பிடித்து ஒகேனக்கல் போய் உன் மாது மாமாவைப் பார்த்ததாகவும் எழுதியிருந்தாய். தாய்மாமன் பக்கத்தில் நிற்காமல் தாலி கட்ட மாட்டேன் என்று அவனிடம் சொன்னாயாம். அவன், "உங்கம்மாகிட்ட கேளு. அவ எல்லாத்தையும் சொன்னதுக்கு அப்புறமும் நீ கூப்புட்டா, அப்ப பாக்கலாம்" என்றானாம். அப்பாவிடம் கேட்டால் பேச்சை மாற்றுகிறார், நீயாவது சொல் என்று முடித்திருந்தாய். உடனே பதில் எழுதவில்லை. சொல்வதற்கு முன்னால் நான் செய்ய வேண்டிய காரியங்கள் சில இருந்தன. அவற்றைச் செய்து முடித்துவிட்டுத்தான் உட்கார்ந்திருக்கிறேன். ஒரு தபாலைத் தொலைத்துவிட்டதால் மாமாவுக்கு வேலை போய்விட்டது என்று மூன்று வருஷத்துக்கு முன் உனக்கு எழுதினேன் அல்லவா, அது பொய். அங்கிருந்து தொடங்குகிறேன். என்னை நல்லவளாகக் காட்டிக்கொள்ளாமல் எழுத வேண்டும் என்று நினைத்திருக்கிறேன். எங்கேயாவது அப்படித் தெரிந்தால் அந்த இடத்தை மட்டும் நம்பாதே.

மாது எனக்குத் தம்பி என்பதைவிட முதல் பிள்ளை என்றுதான் சொல்ல வேண்டும். எங்கள் அம்மா செத்தபோது எனக்குப் பதினைந்து வயது, அவனுக்கு ஐந்து. அப்பா அடுத்த வருஷமே போய்விட்டார். எனக்கு வரன் பேச உங்கப்பா வீட்டார் வந்தபோது, தம்பியை விட்டுவிட்டு வர மாட்டேன் என்று நான் உள்ளறையில் அழுதுகொண்டிருந்தேன். பெரியவர்கள் எல்லாம் அது எப்படி முடியும் என்று இழுத்துக்கொண்டிருந்தபோது உங்கப்பாதான், "பையனும் வரட்டும். ஒரு வாய்க்கு என்ன கொறஞ்சுடப் போவுது" என்றார். சொன்னபடியே வைத்துக்கொண்டார். படிக்க வைத்தார். தபால்காரர் வேலைக்கு மனுப் போட அவனைக் கூட்டிக்கொண்டு தருமபுரிக்கும் பென்னாகரத்துக்கும் எத்தனை தடவை நடந்தார் என்று எனக்குத் தெரியும். இதை ஏன் முதலில் சொல்கிறேன் என்றால், இனி நான் சொல்லப்போவதைப் படித்துவிட்டு உங்கப்பாவை ஒரேயடியாகக் கெட்டவர் என்று நீ முடிவு கட்டிவிடக் கூடாது. அது உனக்குச் சுலபமாக இருக்கும். ஆனால் உண்மையாக இருக்காது.

நீ ஓசூர் ஃபேக்டரியில் சேர்ந்த வருஷம்தான் பஞ்சாயத்துத் தேர்தல் வந்தது. உங்கப்பா தலைவருக்கு நின்றார். நம் ஊர்த் தண்ணீர் உனக்குத் தெரியும். உன் பல்லில் இருக்கிற காவிக் கறை எத்தனை பற்பொடி போட்டும் போகாதது அதனால்தான். ஏரியூர் ரோட்டை ஒட்டிய நம் ஊரிலும் அதே தண்ணீர், ஓடைக்கு அந்தப் பக்கம் பள்ளக்கொட்டாயில் இருக்கிற நாற்பது வீட்டுக்கும் அதே தண்ணீர். அங்கே நாற்பது வயதிலேயே முட்டி மடக்க முடியாமல் கம்பு ஊன்றுகிறவர்கள் அதிகம். உங்கப்பா ரோட்டோரத்தில் மேடை போட்டு, பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்தில் ஆழ்துளைக் கிணறும் டேங்கும் கொண்டுவருகிறேன் என்று பேசினார். மாது வெளிப்படையாகப் பிரச்சாரத்துக்குப் போக முடியாது, வேலையில் இருக்கிறவன். ஆனால் பள்ளக்கொட்டாயில் தபால் கொடுக்கிற ஒவ்வொரு வீட்டிலும், "எங்க மாமாவுக்குப் போடுங்க. நல்ல தண்ணி வரும், நான் பொறுப்பு" என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறான். அவர்கள் உங்கப்பாவை நம்பிப் போடவில்லை. சைக்கிளில் வந்து பேர் சொல்லிக் கூப்பிட்டுக் கடிதம் படித்துக் காட்டுகிறவனை நம்பிப் போட்டார்கள். கொஞ்ச ஓட்டு வித்தியாசத்தில் உங்கப்பா ஜெயித்தார். அந்த ஓட்டெல்லாம் ஓடைக்கு அந்தப் பக்கத்து ஓட்டு.

டேங்குக்கு உத்தரவு வந்தது. வேலை தொடங்கும் முன்னால் இரண்டு இடத்தில் சோதனைக்குத் துளை போட்டு, இரண்டு பாட்டிலில் தண்ணீர் எடுத்துக்கொண்டு போனார்கள். ஒன்று பள்ளிக்கூடத்துப் பக்கம், இன்னொன்று பள்ளக்கொட்டாய் மாரியம்மன் கோயிலுக்குக் கிழக்கே. ஒரு மாதம் கழித்து மத்தியானம் மாது வந்து தலைவர் பேருக்கு ரிஜிஸ்டர் தபால் என்று பழுப்புக் கவரை நீட்டினான். உங்கப்பா வீட்டில் இல்லை. "தலைவரம்மா, கையெழுத்துப் போடுங்க" என்று கேலி செய்தான். போட்டேன். ஒரு சொம்பு மோர் குடித்துவிட்டுப் போனான்.

கவரைப் பிரித்துப் படித்தேன். எட்டாவது வரை படித்தவளுக்குப் புரிகிற மாதிரிதான் எழுதியிருந்தார்கள். பள்ளிக்கூடத்துப் பக்கத்துத் தண்ணீர் குடிக்க ஆகாது. கோயில் பக்கத்துத் தண்ணீர் நன்றாக இருக்கிறது. அங்கே கிணறும் டேங்கும் போட்டால் குழாய் வழியாக ஊருக்கும் கொண்டுவரலாம். இடத்தை மாற்றச் சம்மதம் என்று பஞ்சாயத்துத் தீர்மானம் போட்டுப் பதினைந்து நாளுக்குள் அனுப்ப வேண்டும், வராவிட்டால் முதலில் குறித்த இடத்திலேயே வேலை நடக்கும். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. உங்கப்பா வந்ததும் சாப்பாடு போடும் முன்பே எடுத்துக் கொடுத்தேன். படித்துவிட்டு மடித்துக் கையிலேயே வைத்துக்கொண்டார்.

"இதை யாரு பாத்தாங்க?"

"நான் மட்டுந்தாங்க."

"மாதுவுக்குத் தெரியுமா?"

"ஒட்டுன கவரை ஒட்டுனபடி குடுத்தான். உள்ள என்னன்னு தெரியாதுங்க."

"டேங்கு அந்தப் பக்கம் போச்சுன்னா நம்மூர்ல ஒருத்தனும் என்னைய விடமாட்டான். பள்ளக்கொட்டாய்க்காரன் தொறந்துவுட்டாத்தான் நமக்குத் தண்ணியான்னு கேப்பாங்க. மேடையில ஏறி சொன்ன சொல்லு இருக்குது எனக்கு."

"இந்தப் பக்கத்துத் தண்ணி ஆகாதுன்னு எழுதியிருக்குதுங்களே?"

"நாம குடிக்கலியா? செத்தா போயிட்டோம்? இந்தப் பேப்பர் வரவே இல்ல, அவ்வளவுதான். அடுப்புல போட்டுரு."

நான் அடுப்பில் போடவில்லை. மனசாட்சி என்று நினைத்துவிடாதே. அரசாங்க முத்திரை குத்திய காகிதத்தை எரித்தால் ஜெயில் என்று யாரோ சொன்னது ஞாபகத்துக்கு வந்தது. தகரப்பெட்டியில் துணிக்கு அடியில் போட்டுவிட்டு, எரித்துவிட்டேன் என்று அவரிடம் சொன்னேன். ஆக, அன்றைக்கு நான் சொன்ன முதல் பொய் உங்கப்பாவிடம்தான்.

ஒரு வாரம் கழித்து மாது கேட்டான். "அக்கா, அன்னிக்குக் குடுத்தனே, அது தண்ணி பேப்பரா? பள்ளக்கொட்டாயில நான் போறப்பல்லாம் கேக்கறாங்க." பருப்புக் கடைந்துகொண்டிருந்தேன். நிமிர்ந்து பார்க்காமலே, "அது ஏதோ சர்க்குலர்டா. தண்ணி பேப்பர் இன்னும் வரல" என்றேன். "சரி, அப்படியே சொல்லிடறன். எங்கக்கா சொன்னா சரியா இருக்கும்னு சொல்லிடறன்" என்று சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டான். அவனை ஏமாற்ற நான் எந்தச் சிரமமும் படவில்லை. நம்புகிறவனை ஏமாற்றச் சாமர்த்தியம் எதுவும் வேண்டாம் என்று அன்றைக்குத் தெரிந்தது. கொஞ்சம் சந்தேகப்பட்டிருந்தால்கூட நான் தடுமாறியிருப்பேன்.

பதினைந்து நாள் போனது. பள்ளிக்கூடத்துப் பக்கமே டேங்க் எழுந்தது. மாலை மரியாதையோடு திறந்தார்கள். நீ அந்த வாரம் லீவு கிடைக்காமல் வரவில்லை. தண்ணீர் பழையபடிதான் இருந்தது, குழாயில் வந்தது என்பது மட்டும்தான் புதுசு. பள்ளக்கொட்டாய்க்கு அதுவும் இல்லை. அவர்கள் மாதுவைப் பிடித்துக்கொண்டார்கள். அவன் ஒரு நாள் லீவு போட்டுவிட்டுத் தருமபுரிக்குப் போய், தண்ணீரைச் சோதித்த ஆபீசில் விசாரித்திருக்கிறான். அங்கே இருந்தவர் ஃபைலைப் புரட்டி, நாங்கள் எப்போதோ அனுப்பிவிட்டோமே, ரிஜிஸ்டர் தபாலில் போயிருக்கிறதே என்று தேதியைக் காட்டியிருக்கிறார். திரும்பி வந்து நேராகச் சமையலறைக்கு வந்தான்.

"அக்கா, என் கையால குடுத்த கவர்தான அது?"

நான் அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

"நான் நாப்பது வூட்டுல போயி உன் பேரச் சொல்லியிருக்கறன்க்கா."

"உங்க மாமாகிட்ட கேளு" என்றேன்.

கேட்டான். வாசலில் நின்று கேட்டான், சத்தம் போடவில்லை. உங்கப்பாதான் சத்தம் போட்டார். என் சோற்றைத் தின்று வளர்ந்தவன் என்னையே கேள்வி கேட்கிறான் என்றார். அந்த வார்த்தைக்கு அப்புறம் மாது நம் வீட்டுக்குள் கால் வைக்கவில்லை. பள்ளக்கொட்டாய் ஜனங்கள் கையெழுத்தும் கைநாட்டும் வைத்த மனுவைக் கலெக்டர் ஆபீசில் கொண்டுபோய்க் கொடுத்தான்.

ஊரில் அவனுக்குத் துரோகி என்று பேர் வந்தது. வளர்த்த மாமனையே காட்டிக் கொடுத்தவன் என்று டீக்கடையில் அவனுக்கு டீ கொடுக்க மறுத்தார்கள். சிலர் அவன் கையால் தபால் வாங்க மாட்டோம் என்றார்கள். கீழே வைத்துவிட்டுப் போ என்பார்கள். அவனும் வைத்துவிட்டுப் போவான். விசுவாசம் என்று ஊர் சொல்லும்போது அது பெரும்பாலும் நம்மைச் சேர்ந்தவர்கள் செய்வதை வெளியே சொல்லாமல் இருப்பதற்கு வைத்த பெயராகத்தான் இருக்கிறது. துரோகி என்று யாரையாவது ஊரே சேர்ந்து சொன்னால், அவன் யாருக்குத் துரோகம் செய்தான் என்பதோடு யாருக்காகச் செய்தான் என்றும் ஒரு தடவை கேட்டுப் பார். எனக்கு அப்போது கேட்கத் தோன்றவில்லை. பயமாக மட்டும் இருந்தது. உங்கப்பாவுக்கு ஏதாவது ஆகிவிடுமோ, ஊரில் தலைகுனிந்து நடக்க வேண்டிவருமோ என்ற பயம்.

விசாரணை பள்ளிக்கூடத்தில் நடந்தது. கலெக்டர் ஆபீசிலிருந்து ஒருவரும் தபால் இலாகா மேலதிகாரி ஒருவரும் வந்திருந்தார்கள். ஜன்னலெல்லாம் ஊர் ஜனம். உங்கப்பா, அப்படி ஒரு தபால் எனக்கு வரவே இல்லை, வந்திருந்தால் தீர்மானம் போட்டிருக்க மாட்டேனா என்றார். முந்தின நாளே என்னிடம் சொல்லி வைத்திருந்தார். "நீ ஒரு வார்த்தை மாத்திப் பேசினா நான் நாண்டுக்கிட்டுத்தான் சாவணும்" என்றார். தபால் அதிகாரி, ரிஜிஸ்டர் தபாலுக்குக் கையெழுத்து வாங்கும் நோட்டைத் திருப்பி என் முன்னால் வைத்தார். என் பெயர் நீல மையில் இருந்தது. கடைசி எழுத்தைக் கீழே இழுத்துச் சுழிப்பது என் வழக்கம். அந்தச் சுழி அப்படியே இருந்தது.

"அம்மா, இது உங்க கையெழுத்தா?"

"இல்லைங்க."

"நல்லாப் பாத்துச் சொல்லுங்கம்மா. அவசரமில்ல."

"என் கையெழுத்து இல்லைங்க."

மாது எனக்கு எதிரில், பிள்ளைகள் உட்காரும் குட்டை பெஞ்சு ஒன்றில் உட்கார்ந்திருந்தான். அதிகாரி அவன் பக்கம் திரும்பி, "அப்ப நீயே போட்டுக்கிட்டியா?" என்றார். அவன் என்னைப் பார்த்தான். கோபமாகப் பார்த்தான் என்று சொன்னால் எனக்கு ஆறுதலாக இருக்கும். அப்படிப் பார்க்கவில்லை. நான் பேசினது சரியாகக் காதில் விழாதவன் மாதிரி பார்த்தான். அதிகாரி நல்லவர். "இந்தம்மாவ ஒரு தாள்ல கையெழுத்துப் போடச் சொல்லி ஒப்பிட்டுப் பாத்துடலாம். ஒனக்குச் சம்மதமா?" என்று கேட்டார். அவன் சரி என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அங்கேயே எல்லாம் வெளிவந்திருக்கும்.

"வேண்டாங்க சார்" என்றான்.

"ஏன்?"

"வேண்டாங்க. தப்பு என்னோடதா இருக்கட்டுங்க."

"இருக்கட்டும்னா என்னய்யா அர்த்தம்?"

"எழுதிக் குடுத்துடறேங்க சார்."

தபாலைத் தொலைத்துவிட்டு நானே கையெழுத்துப் போட்டுக்கொண்டேன் என்று எழுதிக் கொடுத்தான். வெளியே யாரோ விசில் அடித்தார்கள். தபால் தலைவர் கைக்கே போகவில்லை, டேங்கும் கட்டியாகிவிட்டது என்று மனு தள்ளுபடி ஆயிற்று. அவனுக்கு வேலை போனது. பள்ளக்கொட்டாய்க்காரர்கள் அவனைச் சும்மா விடவில்லை. அக்காளைக் காப்பாற்ற எங்களை விட்டுக்கொடுத்துவிட்டாய் என்று திட்டினார்கள். ஊரிலும் ஆகாதவன், கொட்டாயிலும் ஆகாதவன். பெண்டாட்டி பிள்ளையைக் கூட்டிக்கொண்டு ஒகேனக்கல் போய் மீன் வறுவல் கடை ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தான். நீ பார்த்தது அந்தக் கடையைத்தான்.

இதற்கப்புறம் நம் வீட்டில் என்ன நடந்தது என்பதை நீ கல்யாணம் செய்துகொள்ளப் போகிறவன் என்பதால் சொல்கிறேன். உங்கப்பாவுக்காகத்தான் பொய் சொன்னேன். அதனால் அவருக்கு என்மேல் பிரியம் கூடும் என்று நினைத்தேன். நடந்தது வேறு. ஒரு நாள் ரேஷன் கடையில் நேரமாகிவிட்டது. எங்கே போனாய் என்றார், சொன்னேன். பேசாமல் எழுந்து போய்ப் பக்கத்து வீட்டில், இன்றைக்கு ரேஷன் போட்டார்களா என்று விசாரித்துவிட்டு வந்தார். "என்னங்க, எம்மேல நம்பிக்கை இல்லையா?" என்று கேட்டேன். கோபமே இல்லாமல் சொன்னார்: "தம்பி மூஞ்சியப் பாத்துக்கிட்டே அத்தனை பேர் முன்னால சொன்னவ. எங்கிட்ட சொல்றதுக்கு உனக்கு எவ்வளவு நேரம் ஆவும்?" அவர் சொன்னதில் தப்பில்லை. எனக்காகச் சொல் என்று ஒருவரைப் பொய் சொல்ல வைத்தால், அதற்கப்புறம் அவர் உண்மை சொன்னாலும் நம்மால் நம்ப முடியாது. மூன்று வருஷமாக ஒரே வீட்டில் இரண்டு பேரும் மரியாதையாக, அளந்து அளந்து பேசிக்கொண்டு இருந்தோம். நீ லீவில் வரும்போது வீடு அமைதியாக இருக்கிறது, நிம்மதியாக இருக்கிறது என்பாய். அது நிம்மதி இல்லை கண்ணு.

யோசித்துப் பார்த்தால் இதில் யாரும் விசுவாசம் இல்லாதவர்கள் இல்லை. உங்கப்பா மேடையில் ஊருக்குச் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். நான் புருஷனைக் காப்பாற்றினேன். மாது என்னைக் காப்பாற்றினான். மூன்று பேரும் அவரவர் ஆளுக்கு உண்மையாக இருந்தோம். நாற்பது வீட்டு ஜனம் மூன்று வருஷம் கெட்ட தண்ணீர் குடித்தது. நம் ஊரும்தான் குடித்தது. உன் ஃபேக்டரிச் சங்கத்தில் உனக்கு ஏதோ பொறுப்புக் கொடுத்திருப்பதாகப் போன பொங்கலுக்குச் சொன்னாய். நாளைக்கு உன் தலைவர் தப்பு செய்யும்போது, நம்மாள் அல்லவா என்று உனக்கும் தோன்றும். அப்போது நீ காப்பாற்றுவது அவரையா, அவரை நம்பி நிற்கிறவர்களையா என்று மட்டும் பார்த்துக்கொள். அவரிடம் நேராகப் போய், இது முடியாது என்று சொல்லிவிட்டு அப்புறம் வெளியே பேசு. நான் உங்கப்பாவிடம் அந்த மத்தியானமே, என்னால் முடியாதுங்க என்று சொல்லியிருந்தால், அடித்திருப்பார், நாலு நாள் பேசாமல் இருந்திருப்பார். அவ்வளவுதான் ஆகியிருக்கும்.

உன் கடிதம் வந்த மறுநாள் காலையில் காகிதத்தைப் பெட்டியிலிருந்து எடுத்து உங்கப்பா முன்னால் வைத்தேன். எரிக்கவில்லையா என்றார். இல்லை என்றேன். எல்லோரிடமும் சொல்லப் போகிறேன் என்றும் சொன்னேன். கல்யாணம் முடியட்டும், அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்றார். "பொண்ணு குடுக்கறவங்க இந்த வூட்ட நம்பிக் குடுக்கறாங்க. முடிஞ்சப்புறம் சொன்னா அவங்களையும் ஏமாத்துன மாதிரிதாங்க ஆவும்" என்றேன். அவர் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வயலுக்குப் போய்விட்டார். நான் பஸ் ஏறினேன்.

மாது கடைக்குப் பின்னால் உட்கார்ந்து மீன் செதில் சீவிக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் எழுந்து, உட்காருவதற்கு ஒரு பலகையைப் போட்டான். முடி நரைத்திருந்தது. முப்பத்தாறு வயதுதான். மன்னிப்புக் கேட்டேன். நான் நினைத்து வைத்திருந்த வார்த்தைகள் எதுவும் வரவில்லை, தப்பு பண்ணிட்டன்டா என்று மட்டும் வந்தது. அவன் வேலையை நிறுத்தவில்லை.

"என்னைய எதுக்குடா அன்னிக்கு விட்டுக்குடுக்கல?" என்றேன்.

"தெரியலக்கா. வாயில வந்துருச்சு. நீ ஜெயிலுக்குப் போயிருவியோன்னு நெனச்சேன்." கையிலிருந்த மீனைச் சீவி முடித்துவிட்டு, "அது சரின்னு இப்ப நெனைக்கல. நீ ஒரு பொய் சொன்ன. நான் அதை மூடுனேன். ரெண்டும் சேந்துதான் அவங்க தண்ணி போச்சு. எங்கிட்ட வந்து சொல்லி என்னா ஆவுது? பள்ளக்கொட்டாயில போயி சொல்லு" என்றான்.

"நீயும் வர்றியா?"

"நான் போன வருஷமே போயி என் தப்பச் சொல்லிட்டன். காறித் துப்புனாங்க. வாங்கிக்கிட்டு வந்தேன். நீ தனியாப் போ."

பஸ் ஸ்டாண்டு வரை கூட வந்தான். கல்யாணத்தைப் பற்றி நான் கேட்கவில்லை, அவனும் பேசவில்லை. அது உனக்கும் அவனுக்கும் இடையில் முடிய வேண்டியது.

மறுநாள் காலையில் பள்ளக்கொட்டாய்க்குப் போனேன். கிணற்றடியில் ஏழெட்டுப் பெண்கள் இருந்தார்கள். தலைவர் பெண்டாட்டி ஓடை தாண்டி வந்ததைப் பார்த்துப் பேச்சை நிறுத்தினார்கள். காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு நடந்ததைச் சொன்னேன். அவர்களில் செல்லி என்று ஒருத்தி, என் வயதுதான், கிணற்றுச் சுவரைப் பிடித்துக்கொண்டுதான் அவளால் நிற்க முடிகிறது. "இத்தன நாளா பொட்டிலயே வச்சிருந்தீங்களா?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். திட்டுவாள் என்று காத்திருந்தேன். அவள், "நல்ல தண்ணி எங்க இருக்குதுன்னு அதுல எழுதியிருக்குதுங்களா? படிங்க" என்றாள். படித்தேன். மாரியம்மன் கோயிலுக்குக் கிழக்கே, புளியமரத்துக்கும் பாறைக்கும் நடுவில் என்றதும் பின்னாலிருந்து ஒரு பெண், "அங்கதான நம்ம எருமையக் கட்டறோம்" என்றாள். யாரோ சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தருமபுரியில் எழுதிக் கொடுக்கப் போகிறேன் என்றதும் செல்லி, "பேப்பரை எங்ககிட்ட குடுத்துருங்க. நாங்களும் வர்றோம்" என்றாள். கொடுத்தேன். நாலு பெண்கள் என்னோடு பஸ்ஸில் வந்தார்கள். என் பக்கத்தில் இடம் காலியாக இருந்தது. அவர்கள் நின்றுகொண்டே வந்தார்கள்.

கலெக்டர் ஆபீசில் இருந்த அதிகாரி புதியவர். நான் எழுதியதை இரண்டு தடவை படித்தார். "இதனால உங்க மேலயும் உங்க வீட்டுக்காரர் மேலயும் நடவடிக்கை வரலாம். தெரியுமாம்மா?" என்றார். தெரியுங்க என்றேன். என் கையெழுத்தைப் போடச் சொன்னார். போட்டேன். இப்போதைக்குக் காரியம் அந்த அளவில் நிற்கிறது. டேங்க் வருமா, மாதுவின் வேலை திரும்புமா, எங்கள் இரண்டு பேரையும் என்ன செய்வார்கள் என்று எதுவும் தெரியாது. கல்யாணத்துக்குள்ளேயே விசாரணைக்குக் கூப்பிட்டாலும் கூப்பிடுவார்கள்.

அதனால் இந்தக் கடிதத்தை நீ கட்டப்போகிற பெண்ணிடம் கொடு. சுருக்கிச் சொல்லாதே, முழுசாகப் படிக்கக் கொடு. அவள் அப்பா அம்மாவும் படிக்கட்டும். இப்படிப்பட்ட மாமியார் வீடு வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் நீ வாதாடக் கூடாது. வருகிறேன் என்று அவள் சொன்னால், ஒன்று மட்டும் செய். எனக்காக ஒரு பொய் சொல் என்று அவளிடம் எந்த நாளும் கேட்காதே. வாசலில் யாரோ வந்திருக்கிறார்கள், நான் இல்லை என்று சொல் என்கிற சின்னப் பொய்கூட வேண்டாம். அவள் தம்பி தங்கச்சி உன்னைப் பற்றிக் குறை சொன்னால், அவள் யார் பக்கம் நிற்கிறாள் என்று பார்க்காதே, அவர்கள் சொல்வது சரியா என்று பார். மாமாவைக் கூப்பிடுவதும் விடுவதும் இனி உன் பாடு. கூப்பிட்டால், அம்மா சொல்லிவிட்டாள் என்பதற்காகக் கூப்பிடாதே. அவனும் தப்பு செய்தவன்தான். அதையும் தெரிந்துகொண்டு, அவனே வேண்டும் என்று தோன்றினால் கூப்பிடு.

இதை உங்கப்பாவுக்குத் தெரியாமல் அனுப்ப எனக்கு மனமில்லை. நேற்று மத்தியானம் கொடுத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மெதுவாகப் படித்தார். முடித்ததும், "எரிக்கச் சொன்னதெல்லாம் எழுதியிருக்கற. மாது வேலை போனப்ப நான் உண்மையச் சொல்லிடலாம்னு கெளம்பிப் போனத எழுதல" என்றார்.

"போனீங்களா?" என்றேன். எனக்குத் தெரியாது.

"பென்னாகரம் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போனேன். தருமபுரி பஸ் நின்னுக்கிட்டிருந்துச்சு. ஒரு மணி நேரம் உக்காந்திருந்துட்டுத் திரும்பிட்டேன்."

"எழுதட்டுமா?"

"திரும்பி வந்ததையும் சேத்து எழுது."

எழுதிவிட்டேன். இப்போது வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு நிற்கிறார். ஏரியூர் போகிற வேலை இருக்கிறதாம், கவரை ஒட்டிக் கொடு, நானே தபால் பெட்டியில் போட்டுவிடுகிறேன் என்கிறார். மூன்று வருஷமாக நான் கொடுத்த எதையும் அவரும், அவர் சொன்ன எதையும் நானும் முழுசாக நம்பியதில்லை. இதற்கு நகல் எடுத்து வைக்கவில்லை. அவர் கையில்தான் கொடுக்கப் போகிறேன். இதை நீ படித்துக்கொண்டிருக்கிறாய் என்றால், உன் அப்பா போட்டுவிட்டார்.

அம்மா